தேதியைத் திருப்பினால் ஃபர்ம்வேர் ஏறுவது ஏன்?

பழைய வைஃபை அக்சஸ் பாயிண்டுகளில் (வைஃபை அலைகளைப் பரப்பும் பெட்டிகள்) ஃபர்ம்வேர் (கருவியை இயக்கும் உள்மென்பொருள்) ஏற்றுவதற்கு முன், அவற்றை மேய்க்கும் கன்ட்ரோலரின் தேதியை 2022-க்குத் திருப்பி வைக்கச் சொல்கிறார்களே, இது வாசலில் எலுமிச்சம்பழம் கட்டுவது போன்ற சடங்கா என்று ஒரு வாசகர் கேட்டிருக்கிறார். சடங்கு அல்ல. இதற்கு அருமையான காரணம் இருக்கிறது.

பெரிய வளாகங்களில் அக்சஸ் பாயிண்டுகள் கன்ட்ரோலர் சொல்படி இயங்குகின்றன. இரண்டின் ஃபர்ம்வேரும் ஒத்துப்போகாவிட்டால், அக்சஸ் பாயிண்ட் கன்ட்ரோலரிடமிருந்து உரியதை இறக்கிக்கொள்ளும். வந்த கோப்பு தயாரிப்பாளர் அனுப்பியதுதானா, வழியில் யாராவது மாற்றினார்களா என்று அதிலுள்ள மின்கையொப்பத்தைச் சரிபார்க்கும். அந்தக் கையொப்பத்துக்குப் பின்னால் ஒரு சான்றிதழ்; சான்றிதழுக்கு ஒரு காலாவதி நாள்.

சிஸ்கோ நிறுவனத்தின் ஐரோநெட் 1700, 2700, 3700 போன்ற வரிசைகளுக்கு அந்த நாள் 2022 டிசம்பர் 4. அதன் பிறகும் ஓடிக்கொண்டிருந்த கருவிகள் ஓடின. ஃபர்ம்வேரை மாற்ற முயன்றபோதுதான் சிக்கல்: கோப்பை இறக்கும், காலாவதி என்று தள்ளும், மறுபடியும் இறக்கும். ஒரு பைட்கூடக் கெடாத கோப்பு!

சார்பதிவாளர் ஓய்வுபெற்றுவிட்டார் என்பதற்காக, பதவியில் இருந்தபோது அவர் பதிவுசெய்த கிரயப் பத்திரம் செல்லாமல் போய்விடுமா? கையெழுத்திட்ட நாளில் அவருக்கு அதிகாரம் இருந்ததா என்றுதானே பார்க்க வேண்டும்? இந்தக் கருவியோ சரிபார்க்கும் நாளைப் பார்த்தது. ஆனால் 'இன்று என்ன தேதி' என்பதை அது தானாக அறிவதில்லை. கன்ட்ரோலர் சொல்வதை அப்படியே நம்புகிறது. ஆகவே கன்ட்ரோலரில் என்டிபியை (வலையமைப்பு வழியே நேரத்தைத் தானாகச் சரிசெய்யும் வசதி) நிறுத்திவிட்டு டிசம்பர் 4-க்கு முந்தைய தேதியை வைத்தால், அதே கோப்பு அதே சோதனையில் தேறிவிடுகிறது. பல கோடி ஆண்டுகள் முயன்றாலும் உடைக்க முடியாத கணிதப் பூட்டு, நாள்காட்டியின் சொல்லுக்குக் கட்டுப்பட்டு நிற்பதை நினைக்க நினைக்க எனக்கு வியப்பு அடங்குவதில்லை.

காரணம் தெரிந்தவருக்கு எல்லையும் தெரியும். ஒவ்வொரு அக்சஸ் பாயிண்டிலும் தொழிற்சாலையிலேயே பதித்த இன்னொரு சான்றிதழ் உண்டு. பொதுவாக 10 ஆண்டு ஆயுள். தேதியை 2010-க்குத் தள்ளினால், 2016-இல் செய்த கருவியின் சான்றிதழ் இன்னும் பிறக்கவே இல்லை என்றாகிவிடும். கன்ட்ரோலர் அதைச் சேர்க்காது. எல்லாச் சான்றிதழ்களும் உயிரோடிருந்த ஒரு நாளைத் தேடிப் பிடிக்க வேண்டும். பள்ளியில் படித்த கணங்களின் வெட்டு இதுதான். சடங்காகச் செய்பவர் இங்கேதான் தடுக்கி விழுவார்.

இத்தனை பாடு எதற்கு என்றால், 2017-இல் பாதுகாப்பு ஆய்வாளர் மேத்தி வான்ஹூஃப் வெளியிட்ட 'கிராக்' போன்ற வைஃபை ஓட்டைகளை ஃபர்ம்வேர் மாற்றித்தான் அடைக்க முடியும். நம் கல்வி நிறுவனங்கள் கருவி வாங்க நிதி ஒதுக்குகின்றன. இப்படி ஃபர்ம்வேர் மாற்றிப் பராமரிக்கும் ஆளுக்கு ஒதுக்குவதில்லை. இது எனக்கு உண்மையிலேயே கோபமூட்டுகிறது.

எல்லாக் கருவிகளிலும் ஃபர்ம்வேர் ஏற்றி முடித்ததும் என்டிபியை மீண்டும் இயக்க மறக்காதீர்கள். தேதி பின்தங்கியே கிடந்தால், பதிவேடுகளில் எந்தத் தாக்குதல் எப்போது நடந்தது என்று கண்டுபிடிக்கவே முடியாது.