பல்கலைக்கழகப் பணி ஓய்வு: விடுப்புச் சம்பளம் வராவிட்டால்

எடுக்காமல் சேர்த்துவைத்த ஈட்டிய விடுப்புக்கு, ஓய்வுபெறும்போது பணம் பெறலாம். தமிழ்நாடு அரசு விதிகளில் இதன் உச்சவரம்பு 240 நாள். மத்திய அரசு விதிகளில் 300 நாள். பல்கலைக்கழகங்களுக்குத் தனித்தனிச் சட்டவிதிகள் உண்டு என்பதால், உங்கள் பல்கலைக்கழகத்தின் விதியை முதலில் படியுங்கள். பக்கத்து ஊர் நண்பருக்குக் கிடைத்த கணக்கு உங்களுக்குப் பொருந்தாமல் போகலாம்.

தொகை சிறியதல்ல. கடைசி மாத அடிப்படைச் சம்பளமும் அகவிலைப்படியும் சேர்ந்து 1,35,000 ரூபாய் என்றால், 30ஆல் வகுக்க ஒரு நாளுக்கு 4,500 ரூபாய். 240 நாளுக்கு 10,80,000 ரூபாய்.

இதைக் கேட்டுப் போனால் பல இடங்களில் கிடைக்கும் பதில், "நிதி இல்லை." மதுரை காமராசர் பல்கலைக்கழகத்தில் மாத ஓய்வூதியமே தள்ளிப்போய், ஓய்வுபெற்றவர்கள் போராடியதை நாளிதழ்களில் படித்திருப்பீர்கள். நிதி நெருக்கடி உண்மையாகவே இருக்கலாம். ஆனால் அது பல்கலைக்கழகமும் அரசும் தீர்த்துக்கொள்ள வேண்டிய சிக்கல். முப்பது ஆண்டு உழைத்தவரின் தலையில் அதை இறக்கிவைப்பது நியாயமில்லை.

சட்டமும் ஏறக்குறைய இதையே சொல்கிறது. ஜார்க்கண்ட் அரசு எதிர் ஜிதேந்திர குமார் ஸ்ரீவாஸ்தவா வழக்கில் (2013), ஓய்வூதியமும் பணிக்கொடையும் ஊழியர் உழைத்துச் சேர்த்த சொத்து, சொத்துரிமையைக் காக்கும் அரசமைப்புச் சட்டத்தின் 300அ பிரிவின் பாதுகாப்பு அதற்கு உண்டு என்றது உச்ச நீதிமன்றம். விதியில் இடமில்லாதபோது, வெறும் நிர்வாகச் சுற்றறிக்கையைக் காட்டி விடுப்புப் பணத்தையும் நிறுத்திவைக்க முடியாது என்றது. ஒழுங்கு நடவடிக்கை நிலுவையில் இருந்தாலும் கேள்வி இதுதான்: நிறுத்திவைக்க விதியே இடம் கொடுக்கிறதா என்று பார்க்க வேண்டும். மத்திய அரசு விதிகளில் அப்படி ஒரு பிரிவு இருக்கிறது.

இன்னொரு தொல்லை தணிக்கைத் தடை. எப்போதோ தவறுதலாகக் கூடுதல் சம்பளம் கொடுத்துவிட்டதாகச் சொல்லி, விடுப்புப் பணத்தில் பிடித்துக்கொள்வார்கள். ஊழியர் பொய் சொல்லியோ மறைத்தோ அதைப் பெறாதபோது, ஓய்வுபெற்றவரிடமும் ஓராண்டுக்குள் ஓய்வுபெறவிருப்பவரிடமும் அப்படிப் பிடிக்கக் கூடாது என்று ரஃபிக் மாசி வழக்கில் (2014) உச்ச நீதிமன்றம் கூறியிருக்கிறது.

நீதிமன்றம் போகுமுன் காகிதம் சேருங்கள். பணிப்பதிவேட்டிலுள்ள விடுப்புக் கணக்கின் நகல்தான் உயிர்நாடி. ஓய்வு ஆணையையும் அதனுடன் வைத்து, பதிவாளருக்கு எழுத்துபூர்வமான கோரிக்கை கொடுத்து, ஒப்புகை வாங்கிக்கொள்ளுங்கள். பதில் இல்லையென்றால் அரசமைப்புச் சட்டத்தின் 226ஆவது பிரிவின்கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அதிகாரிகளுக்கு உத்தரவிடக் கோரும் மனு) போடலாம். இங்கே பலர் கோட்டைவிடுகிறார்கள். "கோரிக்கையைப் பரிசீலிக்க உத்தரவிட வேண்டும்" என்று மட்டும் கேட்டால், பரிசீலித்து நிராகரித்த கடிதம்கூட வரலாம். தொகையைக் குறிப்பிட்டு, காலக்கெடுவுடன், வட்டியுடன் கேளுங்கள். தாமதமான ஓய்வுப் பலன்களுக்கு வட்டி கேட்கும் உரிமையை எஸ்.கே.துவா வழக்கில் (2008) உச்ச நீதிமன்றம் ஏற்றிருக்கிறது. உத்தரவு வந்தும் பணம் வராவிட்டால் ஓராண்டுக்குள் நீதிமன்ற அவமதிப்பு மனு போடலாம்.

காத்திருந்து பார்ப்போம் என்று ஆண்டுகளை ஓட்ட வேண்டாம். ஓய்வூதியம் மாதாமாதம் முளைக்கும் உரிமை. விடுப்புப் பணம் ஒரே முறை தருவது. தாமதம் உங்களுக்கு எதிராகவே பேசும்.

வருமான வரியில் முழு விலக்கு மத்திய, மாநில அரசு ஊழியர்களுக்குத்தான். மற்றவர்களுக்கு 2023 ஏப்ரல் முதல் உச்சவரம்பு 25 லட்சம் ரூபாய். தாமதத்துக்காகக் கிடைக்கும் வட்டிக்கு இந்த விலக்கு கிடையாது.