முதல் பெயரா, இடுபெயரா?

படிவங்களைத் தமிழில் தருகிறார்களே என்று சந்தோஷப்படக்கூட விடமாட்டேன் என்கிறார்கள். வங்கிச் செயலி முதல் வேலை தேடும் தளம் வரை எதைத் திறந்தாலும் ‘முதல் பெயர்’, அதற்குக் கீழே ‘கடைசிப் பெயர்’. சில இடங்களில் இன்னும் மோசம்: ‘கொடுக்கப்பட்ட பெயர்’. யார் கொடுத்தார்கள், எப்போது திருப்பிக் கேட்பார்கள் என்றுதான் போடவில்லை.

ஒருவருக்கென்று வைத்த பெயரைச் சொல்ல ஆங்கிலத்தில் மூன்று சொற்கள் உண்டு. ஞானஸ்நானத்தில் வைத்த பெயர் என்பதால் கிறிஸ்டியன் நேம். குடும்பப் பெயருக்கு முன்னால் நிற்பதால் ஃபர்ஸ்ட் நேம். பிறந்த பிறகு ஒருவர் பார்த்து வைத்தது என்பதால் கிவன் நேம். நம் பாஸ்போர்ட்டில் அச்சாகியிருப்பது இந்த மூன்றாவதுதான். சொல்லின் வரலாறு இவ்வளவே. தகராறு இதற்கு அப்புறம்தான்.

‘முதல் பெயர்’ என்பது பெயர் நிற்கும் இடத்தைச் சொல்கிறதே தவிர, பெயரைப் பற்றி ஒன்றும் சொல்வதில்லை. அந்த இடமும் நாட்டுக்கு நாடு மாறும். சீனர், கொரியர், வியட்நாமியர் எல்லோருக்கும் குடும்பப் பெயர்தான் முன்னால். மா சேதுங்கில் ‘மா’ குடும்பப் பெயர். ஐரோப்பாவிலேயே ஹங்கேரிக்காரர்கள் தங்கள் இசைமேதையை பார்டோக் பேலா என்பார்கள். ‘பேலா’தான் வீட்டில் வைத்தது. ஜப்பானியர்கள் ஆங்கிலத்தில் எழுதும்போது வெகுகாலம் பெயரைத் திருப்பிப் போட்டு வந்தார்கள். 2020 ஜனவரி முதல் அவர்கள் அரசு ஆவணங்களில் குடும்பப் பெயரே முன்னால் வருகிறது. ஐஸ்லாந்தில் பெரும்பாலோருக்குக் குடும்பப் பெயரே இல்லை. மக்னுஸின் மகள் என்றால் மக்னுஸ்தோத்திர், அவ்வளவுதான். தொலைபேசிப் புத்தகத்தையே இட்ட பெயரின் அகரவரிசையில்தான் அச்சிட்டார்கள்.

அவ்வளவு தூரம் போவானேன், வடசென்னைக்குள்ளேயே சுற்றி வரலாம். மண்ணடியில் அப்துல் ரகுமான் என்று ஒருவர் இருப்பார். படிவம் அவரை இரண்டாக வெட்டி, முதல் பெயர் ‘அப்துல்’ என்கிறது. அரபியில் அது தனியாக நிற்கவே நிற்காது. ‘அருளாளனின் அடியான்’ என்பது முழுப்பெயர். ‘அப்துல்’ மட்டும் என்றால் ‘இன்னாருடைய அடியான்’ என்று பாதியில் தொங்கும். வியாசர்பாடியில் பர்மாவிலிருந்து வந்த குடும்பங்களைக் கேட்டால் இன்னொரு கதை சொல்வார்கள். பர்மியருக்குப் பரம்பரைக் குடும்பப் பெயர் என்பதே வழக்கமில்லை. ஐ.நா. பொதுச்செயலாளராக இருந்தாரே ஊ தாண்ட், அவர் பெயர் வெறும் தாண்ட். ‘ஊ’ என்பது நம் ‘திரு’ மாதிரி மரியாதைக்குப் போடுவது. நம் படிவம் அவரிடம் போயிருந்தால் முதல் பெயர் ‘திரு’ என்று பதிவாகியிருக்கும். தெலுங்கு பேசும் வீடுகளிலோ ‘இண்டிபேரு’ என்கிற குடும்பப் பெயர் முன்னால் வரும், ஆளின் பெயர் பின்னால்தான்.

தமிழருக்கு? தகப்பன் பெயரின் முன்னெழுத்து, பிறகு தன் பெயர். மு. கருணாநிதிக்கு ‘முதல் பெயர்’ எது? இடத்தை வைத்துப் பார்த்தால் முத்துவேல். அது அவருடைய அப்பா பெயர்.

ஒருமுறை காசிமேட்டுப் பக்கம் ஒரு பிரவுசிங் சென்டரில் ஜெராக்ஸுக்குக் காத்திருந்தபோது நடந்தது இது. கம்ப்யூட்டரில் இருந்த பையன் ஒரு பாட்டியிடம், “ஆயா, உன் கடைசிப் பேரு இன்னா?” என்றான். “எனுக்குக் கீறதே ஒரு பேரு. அதுல மொதலு ஏது, கடைசி ஏது?” என்றார் அவர். கடைசிப் பெயர்க் கட்டத்துக்குப் பக்கத்தில் சிவப்பு நட்சத்திரக் குறி. அதை நிரப்பாமல் அடுத்த பக்கம் போகாது. பையன் கொஞ்சம் யோசித்துவிட்டு முதல் பெயர் ‘தேச’, கடைசிப் பெயர் ‘அம்மா’ என்று தட்டினான். தேசம்மா ஆயாவின் வேலை முடிந்தது. அந்தப் பையனைக் குறை சொல்ல மாட்டேன். அமெரிக்க விசாவில் இதைவிடப் பெரிய கூத்து உண்டு. பாஸ்போர்ட்டில் ஒரே பெயர் இருந்தால், இட்ட பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ‘எஃப்.என்.யு’ என்று அச்சடிப்பார்கள். முதல் பெயர் தெரியாது என்று அர்த்தம்.

சரி, தமிழில் என்ன சொல்வது? சிலர் ‘இயற்பெயர்’ என்கிறார்கள். தொல்காப்பியத்திலேயே இருக்கும் சொல், மறுக்கவில்லை. ஆனால் இன்றைக்கு அதன் வேலை வேறு. ‘புதுமைப்பித்தனின் இயற்பெயர் விருத்தாசலம்’ என்று எழுதுகிறோம். புனைபெயர், பட்டப்பெயர் இருப்பவருக்கு எதிர்நிலையில் நிற்கும் சொல் அது. படிவத்தில் ‘இயற்பெயர்’ என்று கேட்டால், ஏதோ மாறுபெயரில் திரிகிறவனிடம் போலீஸ் விசாரிக்கிற மாதிரி இருக்கிறது. ‘முதற்பெயர்’ என்று சந்தி சேர்த்துவிட்டால் தூய தமிழாகிவிடும் என்று நினைக்கிறவர்களும் உண்டு. ஒற்று திரிந்ததால் தப்பு சரியாகிவிடாது. நம் இலக்கணத்தில் ‘முதல்’ என்பது முழுப்பொருள், ‘சினை’ அதன் உறுப்பு. அந்தக் கணக்கில் தேசம்மா என்பதே முதல். ‘தேச’ வெறும் சினை.

பெயரைப் பொருள் தெரிந்து கையாண்ட மொழிபெயர்ப்பாளர்கள் நம்மிடம் இருந்தார்கள் என்பதுதான் என் ஆதங்கம். ராயபுரத்தில் போய்ப் பாருங்கள். தெலுங்கில் ‘ராயி’ என்றால் கல். இயேசுவின் சீடர் பேதுருவின் பெயருக்கும் கிரேக்கத்தில் கல் என்றுதான் பொருள். அதனால்தான் அவர் ராயப்பர் ஆனார், அவர் கோயிலால் ஊர் ராயபுரம் ஆனது என்பார்கள். லத்தீனில் ‘பவுலுஸ்’ சிறியவர். பவுல் சின்னப்பர் ஆனார். ‘ஸ்தெபனோஸ்’ கிரேக்கத்தில் மகுடம், ஸ்தேவான் முடியப்பர். எபிரேயத்தில் யோவான் என்றால் கடவுளின் அருள், அவர் அருளப்பர். சின்னப்பன், அருளப்பன் என்ற பெயர்களைக் கேட்டால் வேற்று மொழி வாடையே வராது. இத்தனைக்கும் பேதுரு என்பது அவருக்கு வீட்டில் வைத்த பெயரே அல்ல. வைத்தது சீமோன், கல் என்பது இயேசு பிறகு சூட்டியது. அதே ஊரில் இன்று பேதுருவின் ஆங்கில வடிவமான ‘பீட்டர்’ என்றால் இங்கிலீஷ் அலட்டல் என்று அர்த்தம். இந்தப் படிவங்களை எழுதுகிறவர்கள் தமிழ் எழுத்திலேயே பீட்டர் விடுகிறார்கள்.

தெருவில் யாரும் ‘முதல் பெயர்’ என்று பேசுவதில்லை. “கொழந்திக்கு இன்னா பேரு வச்சீங்க?” என்றுதான் கேட்கிறார்கள். வைப்பது, இடுவது, சூட்டுவது எல்லாம் கைவசம் இருக்கும் வினைகள். ‘சூட்டிய பெயர்’ விழாப் பத்திரிகைக்குப் பொருந்தும், படிவத்துக்குக் கனம். நான் ‘இடுபெயர்’ என்பேன். இடுகுறிப்பெயரோடு குழம்பாதா என்று தமிழாசிரியர்கள் கேட்கலாம். இலக்கண வகுப்புக்கு வெளியே அந்தக் குழப்பம் வர வாய்ப்பில்லை. தவிர, இது வினைத்தொகை: இட்ட பெயர், இடுகின்ற பெயர், இடும் பெயர். இதில் கடைசியும் வேண்டியதுதான். பெயர் வைக்காமலே பிறப்பைப் பதிவு செய்ய முடியும். பெயரை 12 மாதத்துக்குள் கட்டணமில்லாமல் சேர்க்கலாம், தாமதக் கட்டணம் கட்டினால் 15 ஆண்டு வரை சேர்க்கலாம்.

இந்தச் சொல்லும் எல்லா இடத்திலும் தேவைப்படாது. தமிழருக்கு இடுபெயர்தான் பெயர். அடைமொழி மற்றவற்றுக்குத்தான் வேண்டும். 1929 செங்கல்பட்டு சுயமரியாதை மாநாடு சாதிப் பட்டத்தை விடச் சொன்னதிலிருந்து பெயருக்குப் பின்னால் வாலில்லாமல் வாழப் பழகிவிட்டோம். அந்த வாலைக் ‘கடைசிப் பெயர்’ என்று திரும்ப ஒட்டச் சொல்கிறது படிவம். ‘பெயர்’, ‘தந்தை அல்லது தாய் பெயர்’, ‘குடும்பப் பெயர் (இருந்தால்)’ என்று மூன்று கட்டம் போதும். அந்த ‘இருந்தால்’ முக்கியம். அதைச் சேர்க்கும் கையோடு சிவப்பு நட்சத்திரத்தையும் எடுத்துவிடுங்கள்.