செம்பியின் பன்னிரண்டாம் நாள்

தைப்பொங்கலன்று காலை எங்கள் படலை திறந்தே கிடந்தது. மட்டக்களப்புக் கல்லடியில் அன்றைக்கு யார் வீட்டுப் படலைதான் சாத்தியிருக்கும்? சொந்தக்காரர் வருவதும் பொங்கல் தட்டோடு பிள்ளைகள் ஓடுவதுமாக இருந்த நேரத்தில், பதினொரு நாளாகக் குசினிப் பக்கம் கட்டிக்கிடந்த எங்கள் பெட்டை நாய் செம்பியை நான்தான் அவிழ்த்துவிட்டேன். விறாந்தைச் சீமெந்தில் விழுந்துகொண்டிருந்த இரத்தச் சொட்டுகள் முதல்நாளே வெளிறிப்போயிருந்தன. "நிண்டுட்டுது மனே, இனிப் பயமில்ல. அதோட முதல் தடவைதானே, பிடிக்காது" என்று மாமியும் சொன்னா.

செம்பி பின்னேரம் திரும்பி வந்தது. பங்குனி (மார்ச்) 20ஆம் திகதி ஆறு குட்டிகள் போட்டது. இரண்டு செம்மை, மூன்று கரிக்கறுப்பு, ஒன்று வெள்ளையில் புள்ளி.

மாமியைக் குறை சொல்ல எனக்கு உரிமையில்லை. நானும் அப்படித்தான் நினைத்திருந்தேன். நாங்கள் இருவரும் நாயின் உடம்பை மனிதப் பெண்ணின் உடம்பாக வைத்துக் கணக்குப் பார்த்திருக்கிறோம். பெண்களுக்கு மாதவிடாய் வருவது கரு தங்காதபோது. கருவுக்காகத் தடித்திருந்த கருப்பையின் உட்படலம் இனித் தேவையில்லை என்று கழன்று வெளியேறுகிறது. அது ஒரு சுற்றின் முடிவு. பெட்டை நாயின் இரத்தம் சுற்றின் தொடக்கம். சூலகத்தில் முட்டைப் பைகள் வளரும்போது ஈஸ்திரோஜன் என்ற ஹோர்மோன் ஏறுகிறது. அது கருப்பையின் உட்சுவரைத் தடிக்கவைக்கிறது, அங்குள்ள நுண்ணிய குழாய்களிலிருந்து செங்குருதிக் கலங்கள் கசிகின்றன. சொட்டுச் சொட்டாக வெளியே விழுவது அதுதான். இரண்டுக்கும் இரத்தம் என்று ஒரே பெயரை வைத்துவிட்டு நாங்கள் ஏமாந்துபோனோம்.

இந்த முதல் கட்டம் சராசரியாக ஒன்பது நாள். மூன்று நாளில் முடிகிற நாயும் உண்டு, மூன்று கிழமை இழுக்கிற நாயும் உண்டு. இந்த நாட்களில் பிறப்புறுப்பு வீங்கியிருக்கும். ஒழுங்கைக் கடுவன்கள் எல்லாம் படலையடியில் காவல் கிடக்கும். பெட்டையோ கிட்டவந்த கடுவனைப் பார்த்து உறுமும், கடிக்கப் பாயும், பின்பக்கத்தை மண்ணில் அமர்த்திக்கொள்ளும். அதைப் பார்த்துவிட்டு "எங்கட நாய் ஒருத்தனையும் கிட்ட விடாது" என்று பெருமை பேசுகிறவர்களை நான் அறிவேன்.

பிறகு ஈஸ்திரோஜன் இறங்குகிறது, புரோஜெஸ்தரோன் ஏறத் தொடங்குகிறது. பல விலங்குகளில் முட்டை வெளியானதற்குப் பிறகே புரோஜெஸ்தரோன் கூடும். நாயில் அது முட்டை வெளியாகும் முன்பே ஏறத் தொடங்கிவிடுகிறது. ஒன்று இறங்கி மற்றது ஏறுகிற அந்தச் சந்தியில்தான் பெட்டையின் மனம் மாறுகிறது. கடுவன் வந்தால் அசையாமல் நிற்கும், வாலை ஒரு பக்கம் ஒதுக்கும். இரத்தம் வைக்கோல் நிறத்துக்கு வெளிறும், பல நாய்களில் நின்றேபோகும். இந்த இரண்டாம் கட்டமும் சராசரியாக ஒன்பது நாள். கரு உண்டாகும் நாட்கள் இவைதான். நாங்கள் சங்கிலியை அவிழ்ப்பதும் பெரும்பாலும் இந்த நாட்களில்தான்.

இதற்குள் இன்னொரு வினோதம் இருக்கிறது. மூளையடியிலிருந்து ஒரு ஹோர்மோன் திடீரென்று பாய்ந்து, ஏறக்குறைய இரண்டு நாளில் முட்டைகள் வெளியாகின்றன. ஆனால் வெளியான முட்டை உடனே கருக்கட்டாது. நாயின் முட்டை முதிராத நிலையிலேயே வெளியே வருகிறது. குழாயில் இரண்டு மூன்று நாள் கிடந்து முதிர்ந்த பிறகுதான் விந்தணு அதற்குள் போகமுடியும். அதற்குப் பிறகும் இரண்டு மூன்று நாள் அது உயிர்ப்போடு இருக்கும். கடுவனின் விந்தணுவும் பொறுமைசாலி, பெட்டையின் உடலுக்குள் ஐந்து முதல் ஏழு நாள் வரை காத்துக்கிடக்கும். மாங்காயைப் பிடுங்கி வைக்கோலில் வைத்துவிட்டுப் பழுக்கும் வரை பார்த்திருப்பதுபோல என்று நினைத்துக்கொள்ளுங்கள்.

இப்போது செம்பியின் கணக்குக்கு வருவோம். மார்கழி விடுமுறை முடிந்து பள்ளிக்கூடம் தொடங்கவிருந்த கிழமையில் முதல் சொட்டைப் பார்த்தோம். பத்தாம் பதினோராம் நாள் அளவில் இரத்தம் வெளிறியது. பன்னிரண்டாம் நாள் பொங்கல். முட்டை அன்றோ அடுத்த ஓரிரு நாளிலோ வெளியாகியிருக்கும், முதிர்ந்தது பதினைந்தாம் பதினாறாம் நாளாக இருக்கும். பொங்கலன்று உள்ளே போன விந்தணுக்களுக்கு அது பெரிய காத்திருப்பு அல்ல. நாய் குட்டி போடுவது முட்டை வெளியான நாளிலிருந்து ஏறக்குறைய 63ஆம் நாள். இணைந்த நாளிலிருந்து எண்ணினால் 57 முதல் 72 நாள் வரை தள்ளாடும், ஏனென்றால் விந்தணு எத்தனை நாள் காத்திருந்தது என்பது வெளியே தெரியாது. செம்பிக்கு 64 நாள்.

"முதல் தடவை பிடிக்காது" என்பதும் சரியில்லை. முதல் வேட்கைக்காலம் (மேலே சொன்ன இரண்டு கட்டமும் சேர்ந்த நாட்கள்) ஆறு மாதத்திலிருந்து ஒரு வயதுக்குள் வரும், பெரிய இன நாய்களில் இன்னும் பிந்தும். செம்பிக்கு அப்போது ஒன்பது மாதம். அந்த முதல் தடவையிலேயே கரு தங்கும், உடம்பு இன்னும் வளர்ந்து முடியாத வயதிலும் தங்கும். சில பெட்டைகள் தம்மை நக்கித் துடைத்துக்கொள்வதால் இரத்தமே கண்ணில் படாது. அப்படியான வீட்டில் குட்டி பிறக்கும்வரை ஒருவருக்கும் ஒன்றும் தெரியாது. அண்ணன் தங்கை என்றால் சேராது என்பதும் மனிதர் தங்கள் வெட்கத்தை நாய்க்கு மாட்டிவிட்ட கதைதான்.

மார்கழி மாதத்து நாய் என்று ஒரு பேச்சு இருக்கிறதே, அது எவ்வளவு உண்மை? ஓநாய் வருடத்தில் ஒருமுறைதான் இணையும். வீட்டு நாய் அந்தக் கட்டை அறுத்துக்கொண்டுவிட்டது. ஆறேழு மாதத்துக்கு ஒருமுறை, எந்தப் பருவத்திலும் வரலாம். இந்தியத் தெருநாய்களை எண்ணிப் பார்த்தவர்கள் மழைக்காலத்தை ஒட்டி இணைவது கூடுவதைக் கண்டிருக்கிறார்கள். ஆகப் பேச்சில் கொஞ்சம் உண்மை உண்டு, ஆனால் அதை நம்பிச் சித்திரை மாதத்தில் படலையைத் திறந்துவைக்க முடியாது.

இனி, ஒழுங்கையில் பிள்ளைகள் கல்லெறிகிற விஷயம். இரண்டு நாய்கள் பின்புறம் பின்புறமாகப் பிணைந்து நிற்கும். வாளித் தண்ணீர் ஊற்றுவார்கள், தும்புத்தடியால் அடிப்பார்கள், பிரித்தால் குட்டி வராது என்று நினைப்பு. கடுவனின் உறுப்பின் அடிப்பகுதி உள்ளே போனதும் குமிழ்போல வீங்கும், பெட்டையின் தசை அதை இறுக்கிப் பிடிக்கும். ஐந்து நிமிடத்திலிருந்து அரை மணித்தியாலம், சிலவேளை அதற்கும் மேல் அப்படி நிற்கும். விந்தணு நிறைந்த பகுதி முதல் ஓரிரு நிமிடத்திலேயே உள்ளே போய்விடும். மீதி நேரமெல்லாம் அதைத் தள்ளிக்கொடுக்கும் திரவம்தான். ஆகத் தண்ணீர் ஊற்றி ஒரு குட்டியையும் தடுத்துவிட முடியாது. இழுத்துப் பிரித்தால் இரண்டுக்கும் உள்ளே கிழியலாம். தானாக அவிழும்வரை விட்டுவிடுவதே நல்லது.

குட்டிகளின் மூன்று நிறத்துக்கும் விளக்கம் இருக்கிறது. முட்டைகள் பல, அவை முதிர்ந்து நிற்கும் நாட்களும் பல, வாசலில் நிற்கும் கடுவன்களும் பல. ஒரே ஈற்றுக்கு இரண்டு மூன்று தகப்பன்மார் இருக்கலாம். நிறத்தை மட்டும் வைத்து அடித்துச் சொல்ல முடியாதுதான், ஒரே சோடிக்கும் பல நிறத்தில் பிறக்கும். என்றாலும் அந்தப் புள்ளிக்காரனை எங்கள் ஒழுங்கை முழுக்க அடையாளம் கண்டுவிட்டது.

கரு தங்கிவிட்டதா என்று பார்க்க மனிதருக்கான சோதனைக் குச்சியைப் பாமசியில் வாங்கி ஏமாந்த ஒரு நண்பர் எனக்கு உண்டு. அந்தக் குச்சி தேடுகிற ஹோர்மோன் நாய்க்கு இல்லவே இல்லை. இணைந்து நாலு கிழமை அளவில் ஸ்கான் செய்து பார்ப்பது நல்ல வழி. வயிற்றையும் பாலையும் வைத்துச் சொல்வதும் தவறலாம். முட்டை வெளியான பிறகு குட்டி இருந்தாலும் இல்லாவிட்டாலும் புரோஜெஸ்தரோன் இரண்டு மாதம் ஏறக்குறைய ஒரே அளவில்தான் நிற்கிறது. அது இறங்கும்போது பால் சுரக்கவைக்கும் இன்னொரு ஹோர்மோன் ஏறும். அதனால் கடுவனையே காணாத பெட்டைகூடச் சாக்கைக் கிளறிப் படுக்கை செய்யும், பழைய செருப்பைக் குட்டியாக நினைத்துக் காவல் காக்கும், பாலும் சுரக்கும். பொய்க் கர்ப்பம் என்பது இதுதான். பேய் பிடித்துவிட்டது என்று நூல் கட்டவேண்டியதில்லை, பெரும்பாலும் சில கிழமையில் தானாக அடங்கும்.

சரி, என்ன செய்யலாம்? சத்திரசிகிச்சை செய்யாத பெட்டையாக இருந்தால், முதல் சொட்டிலிருந்து குறைந்தது மூன்று கிழமை, முடிந்தால் நாலு கிழமை, வீட்டுக்குள் வைத்திருங்கள். முற்றத்தில் கட்டுவது போதாது. கிடுகு வேலிக்கு ஒரு பொட்டுப் போதும், கம்பிவலை வேலியின் கண்ணுக்குள்ளாலேயே காரியம் முடிந்த கதைகளும் உண்டு. வெளியே கூட்டிப்போவதென்றால் சங்கிலி உங்கள் கையில் இருக்கவேண்டும். இரத்தத்தை எண்ணாதீர்கள், நாளை எண்ணுங்கள்.

கர்ப்பத்தடை ஊசி போடுகிறவர்கள் இன்னும் இருக்கிறார்கள். மலிவு, ஐந்து நிமிட வேலை. ஆனால் அது புரோஜெஸ்தரோனை ஒத்த மருந்து. அதன் கீழ் கருப்பையின் சுவர் தடித்துச் சுரக்கும், கிருமி நுழைந்தால் சீழ் கட்டும். வேட்கை நாட்களில் போட்டால் அந்த ஆபத்து இன்னும் கூடும். மார்புக் கட்டியும் நீரிழிவும் வரலாம். ஊசி போடாத பெட்டைக்கும் வேட்கை முடிந்த நாலு முதல் எட்டுக் கிழமைக்குள் கருப்பையில் சீழ் வைக்கலாம். நாய் அளவுக்கு மீறித் தண்ணீர் குடித்து, சோற்றைத் தொடாமல் சோர்ந்து கிடந்தால் அடுத்த நாள் வரை பொறுக்காமல் மிருக வைத்தியரிடம் கொண்டுபோங்கள். கவனம் தவறி இணைந்துவிட்ட நாய்க்கு மனிதருக்கான மாத்திரை எதையும் கொடுக்காதீர்கள். முதல் கிழமையே வைத்தியரிடம் பேசினால் வழிகள் உண்டு.

நிலையான வழி கருத்தடைச் சத்திரசிகிச்சைதான். மனிதருக்குச் செய்வதுபோல் குழாயைக் கட்டிவிடுவதல்ல. சூலகங்களையும் கருப்பையையும் அகற்றிவிடுவார்கள். சூலகம் போனால் ஹோர்மோன் ஏற்ற இறக்கமும் போகும், வேட்கையும் வராது, சீழ் கட்டக் கருப்பையும் இராது. ஊர் நாய்களுக்கு ஆறு மாதம் அளவில், முதல் வேட்கைக்கு முன் செய்யலாம். பெரிய இனங்களுக்கு எலும்பு வளர்ச்சியைப் பார்த்துச் சற்றுப் பிந்தச் சொல்வார்கள். ஒருமுறையாவது குட்டி போடவிடவேண்டும் என்பதற்கு உடலியல் காரணம் எதுவும் இல்லை. வேட்கை நேரத்தில் இரத்தக் குழாய்கள் புடைத்திருப்பதால் அவசரமில்லை என்றால் இரண்டு மூன்று மாதம் தள்ளிப்போடுவார்கள். கடுவனுக்கு விதை அகற்றுவது இலகுவான வேலை. ஆனால் குழாயில் மிச்சமிருக்கும் விந்தணுவால் நாலு முதல் ஆறு கிழமை அதையும் நம்பக்கூடாது. காசு ஒரு நாய்க்குத்தான் இருக்கிறது என்றால் பெட்டைக்கே செய்யுங்கள். ஊரில் பத்துக் கடுவனில் ஒன்பதுக்கு அகற்றினாலும் மிச்சமிருக்கும் ஒன்று எல்லாப் பெட்டைக்கும் போதும்.

ஒரு பெட்டையிலிருந்து ஆறு வருடத்தில் 67,000 நாய் என்று ஒரு கணக்குச் சுற்றித் திரிகிறது. பிறந்ததெல்லாம் பிழைக்கும் என்று வைத்துப் பெருக்கிய கணக்கு அது, எனக்கு அதில் நம்பிக்கையில்லை. மேற்கு வங்கத்தில் 95 ஈற்றுகளில் பிறந்த 364 தெருக்குட்டிகளைத் தொடர்ந்து கவனித்த ஆய்வு 2016இல் வெளியானது. இனம் பெருக்கும் வயதுவரை பிழைத்தவை நூற்றுக்கு 19 மட்டும். மிச்சமெல்லாம் வாகனத்திலும் நோயிலும் மனிதர் கையிலும் போயின. 67,000ஐவிட இந்த 19தான் என்னை உறுத்துகிறது.

இலங்கையில் தெருநாய்களைப் பிடித்துக் கொல்வது 2006இல் நிறுத்தப்பட்டது. விசர்நோயைத் தடுக்க ஓர் ஊரின் நாய்களில் நூற்றுக்கு 70 வீதத்துக்காவது ஊசி போட்டிருக்கவேண்டும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் அளவு. ஊசி போட்ட நாய்கள் செத்து, ஊசி காணாத குட்டிகள் சந்தையடியிலும் கடற்கரையிலும் சேரச்சேர அந்த வீதம் தானாகக் கீழே இறங்கும்.

எங்கள் ஆறில் நாலு கடுவன். அவை நாவற்குடாவுக்கும் செங்கலடி வயல்வாடிக்கும் களுவாஞ்சிக்குடிக்கும் ஒரு கிழமைக்குள் போய்விட்டன. கேட்டு வந்த எல்லாரும் முதலில் கேட்டது "கடுவன்தானே?" என்றுதான். பெட்டைகளில் ஒன்றை மாமி மண்டூரில் தெரிந்த வீட்டில், வைத்தியச் செலவு எங்களது என்ற உடன்பாட்டில் கொடுத்தா. கறுப்பியை ஒருவரும் கேட்கவில்லை. குட்டிகள் பால் மறந்து, செம்பியின் மடி வற்றிய பிறகு அதற்குச் சத்திரசிகிச்சை முடிந்தது. கறுப்பிக்கு இப்போது ஐந்தரை மாதம். குசினிக் கலண்டரில் அடுத்த கிழமை வியாழனை மாமி சிவப்புப் பேனையால் வட்டமிட்டு வைத்திருக்கிறா. அதுவரைக்கும் படலைச் சாவி அவவின் இடுப்பில்தான்.