வாலன்டியர் ரெஜிமென்ட்னா தொண்டர் படையா? ஒரு சொல் விளக்கம்

அமெரிக்க உள்நாட்டுப் போர் பத்தி ஒரு டாக்குமென்டரி பாத்துட்டு இருந்தேன், கீழ தமிழ் சப்டைட்டில் ஓடுது, "மினசோட்டா தொண்டர்கள் தாக்கினர்"னு வந்துச்சு பாருங்க, எனக்கு சிரிப்பை அடக்க முடியல. நம்ம ஊர்ல தொண்டர்னு சொன்னாலே ஏணி மேல ஏறி கட்சிக்கொடி கட்டுற ஆளுதான் கண்ணு முன்னாடி வர்றார். சரி, அந்த மூல வார்த்தைதான் என்ன, '1வது மினசோட்டா வாலன்டியர் இன்ஃபன்ட்ரி ரெஜிமென்ட்'. இதுல ஒவ்வொரு சொல்லும் ஒவ்வொரு விதமா ஏமாத்துது.

முதல்ல ரெஜிமென்ட். லத்தீன்ல 'ரெகெரே'ன்னா ஆளுறது, அதுல இருந்து 'ரெஜிமென்டும்', அதாவது ஆட்சி. டாக்டர் டயட்டுக்கு சொல்ற ரெஜிமன், அரசியல்ல சொல்ற ரெஜிம் எல்லாம் அதே வேர்தான், சொந்தம் தேடிட்டே போனா நம்ம வாயில புழங்குற 'ராஜா'வும் அந்தக் குடும்பத்துல வந்து நிக்கும். 1558ல ஸ்காட்லாந்து பாதிரியார் ஜான் நாக்ஸ் பெண்களோட 'ரெஜிமென்ட்'டை எதிர்த்து ஒரு புத்தகமே போட்டார், ஏதோ பெண்கள் படையை திட்டுறார்னு நினைச்சுடாதீங்க, ராணிங்க நாட்டை ஆளக் கூடாதுன்னு திட்டுறார். அந்த நூற்றாண்டு முடியறதுக்குள்ளதான் ஒரு கர்னலோட ஆளுகைக்கு கீழ இருக்குற படைன்னு அர்த்தம் மாறிச்சு.

இன்ஃபன்ட்ரி இதைவிட வேடிக்கை. 'இன்ஃபன்ஸ்'னா லத்தீன்ல இன்னும் பேச்சு வராத குழந்தை, அது இத்தாலிக்குப் போய் சின்னப் பையன், குதிரைக்காரன் பின்னாடி நடந்து வர்ற எடுபிடின்னு ஆகி கடைசியில காலாட்படை ஆயிடுச்சு. நம்ம 'காலாள்' எவ்வளவோ நேர்மையான சொல்லு, கால்ல நடந்து வர்ற ஆளு, முடிஞ்சுது.

இப்ப வாலன்டியர், இங்கதான் சப்டைட்டில் சறுக்கினது. லத்தீன்ல 'வொலுன்டாஸ்'னா விருப்பம், அவ்வளவுதான், இலவச சேவைன்னு அதுல எங்கயும் இல்ல. 1861 ஏப்ரல்ல போர் வெடிச்சப்போ அமெரிக்காவோட நிரந்தர ராணுவமே ஏறக்குறைய 16 ஆயிரம் பேர்தான், அதனால லிங்கன் மாநிலங்கள்கிட்ட 75 ஆயிரம் பேரை கேட்டார். அந்த நேரம் வாஷிங்டன்ல இருந்த மினசோட்டா கவர்னர் அலெக்சாண்டர் ராம்சே, நான் ஆயிரம் பேர் தர்றேன்னு முதல் ஆளா சொல்லிட்டார். இப்படி மாநிலம் மூலமா தானா வந்து சேர்ந்தவன்தான் வாலன்டியர், நிரந்தர ராணுவத்தான் ரெகுலர். சம்பளம் மாசம் 13 டாலர், முதல்ல 3 மாசம்னு பேச்சு அப்புறம் 3 வருஷம்னு ஆச்சு, நடுவுல பிடிக்கலன்னு வீட்டுக்குப் போனா அவன் ஓடிப்போனவன். இவனை தொண்டர்னு எப்படிங்க சொல்றது? இலங்கையில ராணுவத்துலயே 'தொண்டர் படையணி' இருக்கு, அங்க வாசகருக்கு உறுத்தாது, ஆனா தமிழ்நாட்டு காதுக்கு 'தன்னார்வ'தான் சரின்னு படுது.

ரெஜிமென்ட்டுக்கு என்ன வைக்கிறது? நம்ம ஆளுங்க சட்டுனு 'பட்டாளம்'னு போடுவாங்க. அதுவே பட்டாலியன்ங்கற ஐரோப்பிய சொல் இங்க வந்து உருண்டு திரண்டதுதான்! ஆனா ஒரு கூத்து, அளவுல பாத்தா அது தப்பும் இல்ல. வெலிங்டன்ல சென்டர் இருக்கிற நம்ம மெட்ராஸ் ரெஜிமென்ட்டுக்கு கீழ பல பட்டாலியன் உண்டு. அமெரிக்க வாலன்டியர் ரெஜிமென்ட் அப்படி கிடையாது, 10 கம்பெனி, கம்பெனிக்கு கிட்டத்தட்ட 100 பேர், மொத்தம் ஆயிரம், அவ்வளவுதான் முழு ரெஜிமென்ட்டும், அதாவது ஒரு பட்டாலியன் அளவுதான். கம்பெனிக்கு ஏ, பி, சின்னு கே வரைக்கும் பேரு, நடுவுல ஜே மட்டும் இருக்காது, ஏன்னா கையெழுத்துல ஐ மாதிரியே தெரியும். ஒவ்வொரு கம்பெனியும் ஒரு ஊரு, எஃப் கம்பெனின்னா ரெட் விங் ஊர்க்காரங்க, கே கம்பெனின்னா வினோனா. அண்ணன் தம்பி, பக்கத்து வீட்டுக்காரன், கடைக்காரன் எல்லாம் ஒரே வரிசையில நிப்பாங்க.

அப்படி நின்னா என்ன ஆகும்னா, 1863 ஜூலை 2, கெட்டிஸ்பர்க் சண்டை. யூனியன் (லிங்கனோட வடக்கு அணி) வரிசையில ஓட்டை விழுந்துடுச்சு, எதிரணியான தெற்கோட அலபாமா படை ஆயிரத்துக்கு மேல ஏறி வருது, அடைக்க வேற ஆளே இல்ல, யூனியன் ஜெனரல் ஹான்காக் கண்ணுல பட்டது இந்த மினசோட்டாக்காரங்க மட்டும்தான். கர்னல் வில்லியம் கால்வில் (இவரும் ரெட் விங்தான், பத்திரிகை நடத்துனவர்) தலைமையில துப்பாக்கி முனைக்கத்தியோட ஓடினாங்க. பொதுவா சொல்ற கணக்கு 262 பேர்ல 215 பேர் செத்தோ காயம்பட்டோ விழுந்தாங்க, கால்வில்லும் குண்டடிபட்டார். ஓட்டை அடைபட்டுச்சு. போர் முழுக்க பழைய ரெஜிமென்ட்டுக்கு ஆள் நிரப்புறதை விட்டுட்டு புதுசு புதுசா ரெஜிமென்ட் ஆரம்பிக்கறதுதான் பெரும்பாலான கவர்னருங்க வேலையா இருந்துச்சு, அதனால இந்த மாதிரி பழசுங்க தேஞ்சுகிட்டே போச்சு.

சோழர் கல்வெட்டுல 'சிங்களாந்தகத் தெரிஞ்ச கைக்கோளர்'ங்கற மாதிரி படைப் பேருங்க வரும், அங்க 'தெரிஞ்ச'ன்னா தேர்ந்தெடுத்தன்னு அர்த்தம். ராஜா பாத்து எடுத்த ஆளு. வாலன்டியர் நேர் எதிர், அவனே வந்து பேர் குடுக்கறான். அதனால அதை எடுத்து இங்க ஒட்ட முடியாது. 'படைப்பிரிவு'ன்னு போட்டா டிவிஷன், கோர், பிரிகேட் எல்லாத்துக்கும் அதே சொல்லுதான், எது பெருசுன்னே தெரியாது. என் ஓட்டு 'படையணி'க்கு. எழுதும்போது '1வது மினசோட்டா தன்னார்வக் காலாட்படையணி', பேசும்போது மினசோட்டா பட்டாளம்னே சொல்லிக்கலாம்.

மாநிலப் பேரை மட்டும் வெட்டிடாதீங்க. அடுத்த நாள் ஜூலை 3ல இதே ரெஜிமென்ட்டு சிப்பாய் மார்ஷல் ஷெர்மன் எதிரணியில இருந்த 28வது வர்ஜீனியா ரெஜிமென்ட்டோட கொடியை பிடிச்சார். 150 வருஷம் கழிச்சு 2013ல, நினைவு நிகழ்ச்சிக்கு கொஞ்ச நாள் இரவலா குடுங்கன்னு வர்ஜீனியா கேட்டுச்சு. மினசோட்டா கவர்னர் முடியாதுன்னுட்டார்.