டூப்: ஒரே சொல், இரண்டு தொழில்

குமரி மாவட்டத்து ஊர்க் கோயில்களின் கொடை விழா மேடைகளில் ‘எம்.ஜி.ஆர். டூப்’, ‘ரஜினி டூப்’ என்று அறிவித்தால் யாரும் விளக்கம் கேட்பதில்லை. பெரிய நடிகரின் உடை, நடை, தலைமுடி, கையசைவு எல்லாம் எடுத்துக்கொண்டு அவர் பாட்டுக்கு ஆடுகிறவர்.

ஆங்கில ‘டூப்ளிகேட்’ சுருங்கி டூப் ஆனது. அதன் லத்தீன் வேருக்கு ‘இரண்டாக மடித்தல்’ என்று பொருள். நம் ‘இருமடங்கு’ம் மடங்குவதிலிருந்து வந்ததுதான். ‘சும்மா டூப்பு விடாதே’ என்றால் பொய் சொல்லாதே என்பது தனிக்கதை.

சினிமாவில் டூப் என்றால் நாயகனுக்குப் பதிலாக மாடியிலிருந்து குதிப்பவர். அவர் முகம் தெரிந்துவிட்டால் அந்த ஷாட் வீண். மேடை டூப்புக்கோ முகம்தான் முதல். அவருடைய காலண்டரும் வேறு: ஜனவரி 17 எம்.ஜி.ஆர். பிறந்த நாள், டிசம்பர் 12 ரஜினி பிறந்த நாள், டிசம்பர் 24 எம்.ஜி.ஆர். நினைவு நாள், நடுவில் கொடைகள், தேர்தல் வந்தால் பிரசார வேன். 1987இல் எம்.ஜி.ஆர். மறைந்த பிறகும் வெள்ளைத் தொப்பிக்கும் கறுப்புக் கண்ணாடிக்கும் மேடையில் கிராக்கி குறையவில்லை. உயிரோடிருக்கும் நடிகரின் டூப்புக்குத்தான் பாடு அதிகம். அவர் தாடி வளர்த்தால் இவரும் வளர்க்க வேண்டும். ஊரில் சொந்தப் பெயரும் போய்விடும். டீக்கடையில், “ஏ ரஜினி, நேத்து எங்க மக்கா புரோகிராம்?” என்றுதான் கேட்பார்கள்.

சரி, இந்த மேடை டூப்பைத் தமிழில் என்ன சொல்லலாம்? கேரள எல்லையில் களியக்காவிளைப் பக்கம் மலையாளம் காதில் விழுகிறவர்களுக்கு ‘அபரன்’ தெரியும். ஒருவரைப் போலவே இருப்பவர் என்று பொருள். தேர்தலில் அதே பெயரோடு நிற்கும் வேட்பாளரையும் கேரளத்தில் அப்படித்தான் சொல்கிறார்கள். ஆனால் தமிழில் ‘அபரக்கிரியை’ ஈமச்சடங்கு. கொடை மேடையில் அந்த வாடை வேண்டாம். ‘நகல்’ அரபியிலிருந்து உருது வழியாக வந்த சொல். ‘பலகுரல் கலைஞர்’ மிமிக்ரிக்குப் பொருந்தும். இவர் பெரும்பாலும் வாயசைக்கிறவர்தான். ‘போலி’ நல்ல தமிழ். இலக்கணத்தில் ஐந்து ‘அஞ்சு’ ஆவது முற்றுப்போலி, அதில் இழிவு ஏதும் இல்லை. ஆனால் போலி மருத்துவர், போலிச் சாமியார் என்று பேசிப் பேசி அதைக் கெடுத்து வைத்திருக்கிறோம்.

பழைய சொல் வேண்டுமென்றால் சிலப்பதிகார வேனிற்காதையில் ‘உள்வரி’ இருக்கிறது. கோவலன் சொல்லும் எட்டு வரிக்கூத்துகளில் ஒன்று, வேற்றுருக்கொண்டு நடிப்பது. பொருள் கச்சிதம். ஆனால் இன்று நோட்டீஸில் ‘உள்வரிக் கலைஞர்’ என்று போட்டால், ஏதோ வரி வசூல் என்று நினைப்பார்கள்.

என் ஓட்டு ‘சாயல் கலைஞர்’ என்பதற்கு. தொல்காப்பியம் ‘சாயல் மென்மை’ என்கிறது, அதாவது சாயல் என்றால் மென்மை. அப்புறம்தான் ஒப்புமைப் பொருள் ஓங்கியது. ‘அப்பா சாயல்’ என்று வீட்டில் சொல்கிற சொல் என்பதால் இழிவும் ஒட்டாது. மாடியிலிருந்து குதிப்பவருக்கு இது ஆகாது. அவரை ‘மாற்று நடிகர்’ என்று தனியாகச் சொல்லிவிடலாம்.