கோழிக்காலுக்கு விலை வைப்பது யார்?

"டாக்டர், கோழிக்காலைச் சீனாவுக்கு அனுப்பினால் நல்ல காசாமே?"

கொஞ்ச காலமாக இந்தக் கேள்வி என்னைத் துரத்துகிறது. பண்ணைக்காரர்கள் கேட்கிறார்கள், கறிக்கடை வைத்திருப்பவர்கள் கேட்கிறார்கள், வேலையை விட்டுவிட்டு ஊருக்கு வந்த இளைஞர்களும் கேட்கிறார்கள். யாரோ காணொளியில் கண்டெய்னர் கணக்கைப் போட்டுக் காட்டியிருக்கிறார். முன்பணம் கட்டினால் எல்லாவற்றையும் தானே பார்த்துக்கொள்வதாக இன்னொருவர் சொல்லியிருக்கிறார். நான் கால்நடை மருத்துவர், இறைச்சி ஆய்வும் என் வேலை. அந்தப் பக்கத்திலிருந்து தெரிந்ததை எழுதுகிறேன்.

கோழிக்கால் என்று இங்கே சொல்வது தொடைக்கறியை அல்ல, நகத்தோடு இருக்கும் பாதத்தை. அதில் காசு இருப்பது உண்மைதான். அமெரிக்காவில் கோழிக்காலைச் சாப்பிடுபவர்கள் குறைவு. ஒருகாலத்தில் அது இறகோடும் குடலோடும் சேர்ந்து கழிவை உருக்கும் ஆலைக்குப் போய், தீவனத்தூளாகத் திரும்பி வந்தது. சீனாவில் கதையே வேறு. அங்கே அது ஆவியில் வேகவைத்தும், ஊறுகாய் மிளகாயில் ஊறப்போட்டும் கொறிக்கிற பண்டம். கோழியை நெஞ்சுக்கறிக்காக ஏற்கெனவே வளர்த்தாயிற்று. காலுக்கென்று தனியாகத் தீவனம் போடப்போவதில்லை. ஆகவே வெளிநாட்டுக்காரன் தருகிற விலையில் பெரும்பகுதி லாபம்தான். அமெரிக்க ஆலைகள் காலைத் தரம் பிரிக்க ஆரம்பித்ததும் பண்ணையின் பழக்கமே மாறியது. கொட்டகைத் தரையில் பரப்பும் படுக்கைத்தூள் ஈரமாக இருந்தால் அம்மோனியா ஏறும், பாதத்தின் அடியில் புண் வரும், கால் தரம் இறங்கும். பல்லடம் பக்கத்துப் பண்ணைகளில் தேங்காய் நார்த்தூளைக் கிளறிவிடச் சொல்லி நாங்கள் மன்றாடுவது கோழியின் உடம்புக்காக. அங்கே அதே வேலையைக் காலின் விலை செய்ய வைத்தது.

மறுபக்கத்தையும் பாருங்கள். பறவைக்காய்ச்சலைக் காரணம் காட்டி 2015 ஜனவரியில் அமெரிக்கக் கோழியைச் சீனா நிறுத்தியது. திரும்ப அனுமதித்தது 2019 நவம்பரில். கிட்டத்தட்ட ஐந்து வருடம்! இடைவெளியில் பிரேசில் நன்றாக உள்ளே புகுந்தது. 2025 மே மாதம் அந்த பிரேசிலின் முறை வந்தது. ரியோ கிராண்டே தோ சுல் மாநிலத்தில், மான்டிநீக்ரோ என்ற ஊரில், ஒரே ஒரு தாய்க்கோழிப் பண்ணையில் பறவைக்காய்ச்சல் உறுதியானது. சீனா மொத்த பிரேசில் கோழிக்கும் கதவைச் சாத்தி, நவம்பரில்தான் திறந்தது. நெஞ்சுக்கறிக்கு உலகம் முழுக்க ஆள் இருக்கிறது. காலுக்குப் பெரிய வாடிக்கையாளர்கள் விரல்விட்டு எண்ணக்கூடிய சிலர்தான், அவர்களில் ஒருவர் முகத்தைத் திருப்பினால் சரக்கு மறுபடி கழிவை உருக்கும் ஆலைக்கே போகும்.

இப்போது நம் ஊருக்கு வருவோம். இங்கே பெரும்பாலான கறிக்கோழி உயிரோடு கடைக்கு வருகிறது. கூண்டிலிருந்து எடுத்து, அறுத்து, தோலை உரித்து, காலை வெட்டி டிரம்மில் போடுகிறார்கள். இறகும் குடலும் அதே டிரம்மில்தான் கிடக்கும். நூறு கடையின் டிரம்மிலிருந்து பொறுக்கியெடுத்த காலுக்கு எந்த மருத்துவரும் ஏற்றுமதிச் சான்றிதழ் தர முடியாது. எந்தப் பண்ணைக் கோழி, அறுப்பதற்கு முன் யார் பார்த்தார்கள், எத்தனை நிமிடத்தில் குளிரூட்டினார்கள் என்று ஒவ்வொன்றுக்கும் தாள் வேண்டும். அனுப்பும் ஆலை இங்கே வேளாண் ஏற்றுமதிக்கான மத்திய அரசு அமைப்பான அபீடாவில் பதிவாகியிருக்க வேண்டும். போகிற நாடு, நம் நாட்டையும் அந்த ஆலையையும் அந்தக் குறிப்பிட்ட பண்டத்தையும் ஏற்றிருக்க வேண்டும். சீனா 2022 ஜனவரி முதல் வெளிநாட்டு உணவு ஆலைகள் தன் சுங்கத் துறையில் பதிந்திருக்க வேண்டும் என்பதைக் கடுமையாக்கிவிட்டது. முன்பணம் கேட்பவரிடம் அந்தப் பதிவு எண்ணைக் கேளுங்கள். பெரும்பாலும் அத்தோடு பேச்சு முடிந்துவிடும்.

கோழியை விட்டு மாட்டுக்கு வந்தால் இந்த வியாபாரத்தின் தன்மை இன்னும் தெளிவாகப் புரியும். அமெரிக்காவில் அறுத்த ஒரு மாட்டின் நாக்கு ஜப்பானுக்குப் போகும், ஈரல் எகிப்துக்கு, வயிறு மெக்சிகோவுக்கு. ஜப்பானின் செண்டாய் நகரத்தில் நாக்கைத் துண்டு போட்டுக் கரியில் வாட்டித் தரும் கடைகள் ஊருக்கே அடையாளம். எகிப்தின் அலெக்சாண்டிரியாவில் ஈரலை மிளகாய் பூண்டோடு வதக்கி ரொட்டிக்குள் வைத்துத் தெருவில் விற்கிறார்கள். ஒரு மாட்டுக்கு ஒரு நாக்குதான். ஜப்பானில் தேவை இரண்டு மடங்கானால் யாரும் நாக்குக்காக இன்னொரு மாட்டை வளர்க்கமாட்டார்கள், விலைதான் ஏறும். 2003 டிசம்பரில் அமெரிக்காவில் ஒரு பசுவுக்குப் பைத்திய மாட்டு நோய் கண்டுபிடிக்கப்பட்டதும் ஜப்பான் கதவை மூடியது. செண்டாய் கடைக்காரர்கள் ஆஸ்திரேலிய நாக்கைத் தேடி ஓடினார்கள். எகிப்தில் நோயே வேண்டியதில்லை. 2022க்குப் பிறகு அந்நாட்டு நாணயம் சரிந்து டாலர் கிடைக்காமல் போனதே ஈரல் வாங்குபவர்களை முடக்கப் போதுமானதாக இருந்தது.

பன்றியில் அரசியலும் சேர்ந்துகொள்கிறது. ஸ்பெயின், டென்மார்க், நெதர்லாந்து நாடுகளின் பன்றிக்காது, பாதம், குடல், வயிறு இவற்றுக்குச் சீனாதான் பெரிய வாய். 2018இல் ஆப்பிரிக்கப் பன்றிக்காய்ச்சல் சீனாவுக்குள் நுழைந்து அவர்களுடைய மந்தையைச் சூறையாடியபோது இந்த வியாபாரம் கொழித்தது. 2024 ஜூனில் அதே சீனா, ஐரோப்பியப் பன்றி இறைச்சியும் உள்ளுறுப்பும் அடிமாட்டு விலைக்கு வந்து குவிவதாகச் சொல்லி விசாரணை தொடங்கியது. 2025இல் வரியும் போட்டது. தன்னுடைய மின்சாரக் கார்களுக்கு ஐரோப்பா வரி போட்டதற்குப் பதிலடி என்றே பலரும் பார்த்தார்கள். காருக்கும் பன்றிக்காதுக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்காதீர்கள். காதுக்கு வேறு பெரிய சந்தை இல்லை என்பது சீனாவுக்கு நன்றாகத் தெரியும்.

சரி, இதெல்லாம் வியாபாரம். என்னை அதிகம் யோசிக்க வைப்பது, எது பாதுகாப்பான அளவு என்று முடிவு செய்கிற இடம். பன்னாட்டு உணவுத் தர அமைப்பான கோடெக்ஸ், ஒவ்வொரு மருந்துக்கும் இறைச்சியில் எவ்வளவு மிச்சம் இருக்கலாம் என்று வரம்பு வைத்திருக்கிறது. நம் ஊரில் சர்வசாதாரணமாகப் போடுகிற ஆக்சிடெட்ராசைக்ளின் ஊசியை எடுத்துக்கொள்ளுங்கள். ஒரு கிலோ தசைக்கறியில் 200 மைக்ரோகிராம் வரை இருக்கலாம். ஈரலில் 600, சிறுநீரகத்தில் 1200. மருந்தை உடைப்பதும் வெளியேற்றுவதும் அந்த உறுப்புகள்தான், அதனால் அங்கே கூடுதலாகத் தங்கும். கூடுதலாக இருந்தும் எப்படி விடுகிறார்கள்? இந்த வரம்புகளைப் போட நிபுணர்கள் வைத்துக்கொண்ட கணக்கு, ஒருவர் ஒருநாளில் 300 கிராம் தசை, 100 கிராம் ஈரல், 50 கிராம் சிறுநீரகம், 50 கிராம் கொழுப்பு சாப்பிடுவார் என்பது. தாராளமான கணக்குதான், தினமும் யாரும் அவ்வளவு சாப்பிடுவதில்லை. ஆனால் அந்தத் தட்டில் குடல் இல்லை, நுரையீரல் இல்லை, ரத்தம் இல்லை. நம் வீட்டு ஞாயிற்றுக்கிழமைத் தட்டில் இருப்பதோ அவைதான்.

இந்த ஓட்டையைச் சீனா 2012இல் சரியாகப் பிடித்தது. பன்றியில் கொழுப்பைக் குறைத்துத் தசையைக் கூட்ட ராக்டோபமைன் என்றொரு மருந்தைத் தீவனத்தில் கலக்கிறார்கள். அதற்கு வரம்பு வைக்கலாமா வேண்டாமா என்று கோடெக்ஸில் வருடக்கணக்காகச் சண்டை. எங்கள் மக்கள் பன்றியின் நுரையீரலையும் குடலையும் சாப்பிடுகிறவர்கள், அவற்றுக்கு உங்கள் கணக்கில் இடம் எங்கே என்று சீனா கேட்டது. வழக்கமாகப் பேசி ஒத்துப்போகிற அந்தச் சபையில் கடைசியில் வாக்கெடுப்பே நடந்தது. 69க்கு 67 என்ற கணக்கில் வரம்பு நிறைவேறியது, தசைக்கும் கொழுப்புக்கும் ஈரலுக்கும் சிறுநீரகத்துக்கும். நுரையீரலுக்கு எண்ணே வைக்கவில்லை. சீனாவுக்குச் சந்தையைக் காப்பாற்றும் நோக்கமும் இருந்திருக்கும், அதை மறுக்கவில்லை. இருந்தாலும் கேட்ட கேள்வி நியாயமானது. குடலும் நுரையீரலும் சாப்பிடும் நாமும் கேட்டிருக்க வேண்டிய கேள்வி.

நுரையீரலைப் பற்றி இன்னொன்று. அமெரிக்கா 1971 முதல் அதை மனித உணவாக அனுமதிப்பதில்லை. அறுக்கும்போது வயிற்றிலிருப்பது மேலேறி மூச்சுக்குழாய் வழியாக உள்ளே போய்விடும் என்பது முக்கியக் காரணம். ஆட்டு நுரையீரல் சேர்த்துச் செய்கிற ஸ்காட்லாந்தின் ஹாகிஸ் அதனாலேயே அங்கே இறங்க முடியவில்லை. நான் அவ்வளவு தூரம் போகமாட்டேன். நன்றாக அறுத்து, பரிசோதித்து, நன்றாக வேகவைத்த நுரையீரலுக்கு நான் எதிரி அல்ல. பரிசோதனை எங்கே நடக்கிறது என்பதுதான் சிக்கல்.

முறையான ஆடுதொட்டியில் ஆட்டை அறுப்பதற்கு முன் மருத்துவர் பார்ப்பார், அறுத்த பின்னும் பார்ப்பார். 2001ஆம் வருடத்து அறுவைக்கூட விதிகளே அறுக்கும் முன் மருத்துவர் பரிசோதித்திருக்க வேண்டும் என்கின்றன. அறுத்த பின் ஈரலைக் கையால் அழுத்தி, பித்தக்குழாயைக் கீறிப் பார்ப்போம். தட்டைப்புழு இருந்தால் கத்தி படும்போதே தடித்த குழாய் நறநறவென்று தெரியும். நுரையீரலைத் தடவினால் உள்ளே இருக்கும் கட்டி விரலுக்குத் தட்டுப்படும். ஒதுக்கித் தள்ளுவதில் கறியைவிட உள்ளுறுப்புதான் எப்போதும் அதிகம். வேப்பமரத்தடியில் அறுக்கிற ஞாயிற்றுக்கிழமைக் கடையில் இதைப் பார்க்க யாரும் இல்லை. கட்டி தெரிந்தால் அந்த இடத்தை மட்டும் அறுத்து வீசிவிட்டு மிச்சத்தைத் தராசில் வைப்பார்கள்.

பண்ணைப் பக்கம் நடப்பது இன்னும் மோசம். ஆடு சுருண்டு படுக்கிறது, இரண்டு நாள் ஊசி போடுகிறோம், தேறவில்லை. மூன்றாம் நாள் போன் வரும்: "டாக்டர், செத்துப்போறதுக்குள்ள அறுத்துடலாமா?" ஒவ்வொரு மருந்துக்கும், கடைசி ஊசிக்குப் பிறகு இத்தனை நாள் அறுக்கக்கூடாது என்று புட்டியிலேயே போட்டிருக்கும். ஆக்சிடெட்ராசைக்ளினில் நீண்ட நேரம் வேலை செய்யும் வகை என்றால் அது வாரக்கணக்கில் போகும். நான் கூடாது என்று சொல்வேன், ஆடு எப்படியும் எங்கேயோ போய்விடும். அந்த ஆட்டின் ஈரலை, ரத்தம் ஊறட்டும் என்று யாரோ ஒரு கர்ப்பிணிப் பெண்ணுக்கு வாங்கிக் கொடுத்திருப்பார்கள்.

கர்ப்பிணிகள் என்றதும் ஒன்று சொல்லிவிடுகிறேன். சுவரொட்டியில், அதாவது மண்ணீரலில், இரும்புச்சத்து நிறைய, அந்த நம்பிக்கை தப்பில்லை. ஈரல் விஷயத்தில் கவனம் வேண்டும். அதில் வைட்டமின் ஏ மிக அதிகம், அளவு மீறினால் கருவைப் பாதிக்கலாம். கர்ப்ப காலத்தில் ஈரலே வேண்டாம் என்றுதான் பிரிட்டனின் அரசு மருத்துவச் சேவை சொல்கிறது. இரும்புச்சத்து மாத்திரை அரசு சுகாதார நிலையத்தில் இலவசமாகவே தருகிறார்கள்.

வாங்கும்போது பார்க்க வேண்டியது அதிகமில்லை. ஈரல் ஒரே நிறமாக, பளபளப்பாக, ஓரம் கூர்மையாக இருக்க வேண்டும். ஓரம் மழுங்கி வீங்கியிருந்தால், வெள்ளைத் திட்டோ கட்டியோ தெரிந்தால் வாங்காதீர்கள். முழு ஈரலையும் காட்டச் சொல்லி, பிறகு வெட்டச் சொல்லுங்கள். குடல் விடிகாலையில் வாங்கினால் விடிகாலையிலேயே சமைக்க வேண்டிய பண்டம், மதியம் வரை வெளியே தொங்கியதை இலவசமாகத் தந்தாலும் தொடாதீர்கள்.

கடைசியாக நாய். ஈரலிலும் நுரையீரலிலும் தண்ணீர் நிரம்பிய பை மாதிரிக் கட்டி இருந்தால் அது பெரும்பாலும் நாடாப்புழுவின் நீர்க்கட்டி. அதைத் தின்றதால் நமக்கு அந்த நோய் வராது, பலருக்கு இங்கேதான் குழப்பம். கட்டியை நாய் தின்றால் அதன் குடலில் புழு வளரும், மலத்தில் முட்டை வெளியேறும். அந்த முட்டை கையிலோ கீரையிலோ ஒட்டி நம் வாய்க்குள் போனால் நம் ஈரலில் அதே கட்டி வளரும். வருடக்கணக்கில் சத்தமில்லாமல் வளர்ந்து, அறுவை சிகிச்சையில் போய் முடியும். கறிக்கடை வாசலில் காத்திருக்கும் நாய்களுக்கு எறியும் அந்தத் துண்டில்தான் எல்லாம் தொடங்குகிறது.

செம்மறி ஆட்டுக்குப் பேர்போன நியூசிலாந்து இதில் நீண்ட காலம் அவதிப்பட்டது. 1959இல் இதற்கென்றே சட்டம் போட்டார்கள். பச்சை உள்ளுறுப்பை நாய்க்குப் போடுவதை நிறுத்தினார்கள், ஆறு வாரத்துக்கு ஒருமுறை நாய்களுக்குப் புழு மருந்து கொடுக்கும் திட்டத்தையும் பிடிவாதமாக நடத்தினார்கள். 2002இல் நோய் ஒழிந்ததாகத் தற்காலிகமாக அறிவிக்க முடிந்தது. நம்மால் ஆறு வாரக் கணக்கு முடியாது, தெரியும். கறிக்கடைக்காரர் கட்டியுள்ள உறுப்பை ஆழக் குழி தோண்டி, சுண்ணாம்பு போட்டுப் புதைக்கலாம், அல்லது எரித்துவிடலாம். வீட்டு நாய்க்குக் கறிக்கழிவு போடுவதாக இருந்தால் அரைமணி நேரமாவது கொதிக்க வைத்துப் போடுங்கள். நாய்க்கு பிரசிகுவான்டெல் மாத்திரை, எடையில் கிலோவுக்கு 5 மில்லிகிராம். அதை எவ்வளவு நாளுக்கு ஒருமுறை கொடுப்பது என்பதை உங்கள் ஊர் கால்நடை மருந்தகத்தில் நாயைக் காட்டிக் கேட்டுக்கொள்ளுங்கள்.