நிலா தெரியாத மலைக்கு ஒரு நாட்காட்டி

தென்மேற்குப் பருவமழை மே மாதத்தில் பிடித்துக்கொண்டால், இலங்கை மலையகத்தின் தலவாக்கலை, அட்டன், மஸ்கெலியா பக்கத்தில் வானத்தை நம்பி நாள் பார்க்க முடியாது. அமாவாசையும் பௌர்ணமியும் மூட்டத்துக்கு மேலே வந்து போய்விடும். சுவரில் அச்சடித்த நாட்காட்டி தொங்குவதால் நமக்கு அது ஒரு குறையாகத் தோன்றுவதில்லை. அந்தத் தாளும் இல்லை, வருடம் முழுக்க மூட்டமும் விலகுவதில்லை என்று ஒரு மலைத்தோட்டத்தைக் கற்பனை செய்துகொள்ளுங்கள். விடிவதும் இருட்டுவதும் மட்டும் தெரியும். அங்கே நாட்காட்டி சாத்தியமா?

தாராளமாகச் சாத்தியம். நாம் எல்லோரும் அப்படி ஒன்றை ஏற்கெனவே வைத்திருக்கிறோம்: ஏழு நாள் வாரம். நாட்களுக்குக் கிரகங்களின் பெயர் இருந்தாலும், வானத்தில் ஏழு நாளில் சுற்றி முடிப்பது எதுவுமில்லை. நிலாவின் ஒரு சுற்று சராசரியாக 29.53 நாள், நான்கால் வகுத்தால் 7.38. இந்த இடைவெளியை இலங்கை நேரடியாகவே அனுபவித்தது. 1966 முதல் 1971 வரை ஞாயிறுக்குப் பதிலாக, நிலாவின் கால் சுற்றுக்கு ஒன்றாக வரும் நான்கு போயா நாட்கள் வார விடுமுறையாக இருந்தன. நிலாவைப் பின்தொடர்ந்ததால் ஒரு வாரம் ஏழு நாளாகவும் இன்னொன்று எட்டு நாளாகவும் நீண்டது. வெளிநாட்டு வணிகத்தோடு அது ஒத்துவராமல், கடைசியில் பழைய வாரமே திரும்பி வந்தது.

கிழமைகளின் வரிசையும் எண்ணிக்கையில் பிறந்ததுதான். மெதுவாக நகர்வதிலிருந்து வேகமாக நகர்வது வரை சனி, வியாழன், செவ்வாய், ஞாயிறு, வெள்ளி, புதன், திங்கள் என்று அடுக்கி, மணிக்கு ஒரு கிரகமாக ஓரைகளைக் கொடுத்துப் பாருங்கள். நாளின் முதல் ஓரை எந்தக் கிரகத்துக்கோ, அதன் பெயரே அந்த நாளுக்கு. ஒரு நாளுக்கு 24 ஓரை. 24-ஐ ஏழால் வகுத்தால் மீதி மூன்று. எனவே சனியில் தொடங்கிய நாளுக்கு மறுநாள் மூன்று இடம் தள்ளி ஞாயிற்றில் தொடங்கும், அதற்கு மறுநாள் திங்களில். நாம் சொல்லும் கிழமை வரிசை அப்படியே வந்துவிடும். எனக்கு இது எத்தனை முறை பார்த்தாலும் அலுக்காத கணக்கு.

சரி, நம் மூட்டத் தோட்டத்துக்கு வருவோம். பஞ்சபட்சி என்ற சோதிட முறையிலிருந்து ஐந்து பறவைகளை எடுத்துக்கொள்வோம்: வல்லூறு, ஆந்தை, காகம், கோழி, மயில். நாளுக்கு ஒரு பறவை. கூடவே முனியாண்டி, மாடசாமி, கவ்வாத்துசாமி, ரோதமுனி என்று தொடங்கும் ஒன்பது காவல் தெய்வங்கள், நாளுக்கு ஒருவர். முதல் நாள் வல்லூறும் முனியாண்டியும். இரண்டு வரிசையும் பல்சக்கரங்களைப் போல, நாளுக்கு ஒரு பல்லாக நகரும்.

இன்று மயில், ரோதமுனி என்று ஒரு பாட்டி சொன்னால் அது எத்தனையாவது நாள்? ரோதமுனி வருவது 4, 13, 22, 31, 40 ஆகிய நாட்களில். மயில் வருவது ஐந்தின் மடங்குகளில். இரண்டும் சேர்வது 40-ஆம் நாளில் மட்டும். ஐந்துக்கும் ஒன்பதுக்கும் பொதுக் காரணி இல்லாததால் 45 ஜோடிகளும் வரும், ஒவ்வொன்றும் ஒரே ஒரு முறை. எழுதப் படிக்கத் தெரியாதவரும் இரண்டு பெயரைச் சொல்லி நாளைக் குறித்துவிடலாம். கிழமையையும் சேர்த்தால் சுற்று 315 நாளாகும்.

பறவைகள் ஆறாக இருந்தால்? ஆறும் ஒன்பதும் மூன்றைப் பகிர்ந்துகொள்வதால் 18 நாளிலேயே சுற்று முடிந்துவிடும். 54 ஜோடிகளில் 36 எப்போதும் சந்திக்கவே மாட்டா. நட்டம் போலத் தெரிந்தாலும் அதில் ஒரு காவல் இருக்கிறது. யாராவது பறவையை மட்டும் ஒரு நாள் தவறவிட்டால், வரவே கூடாத ஜோடி ஒன்று வந்து தவறைக் காட்டிக்கொடுக்கும். முந்தைய ஏற்பாட்டில் எந்த ஜோடியும் செல்லும் என்பதால் தவறு தெரியாது. சீனாவில் 10, 12 என்ற இரண்டு வரிசைகளால் நாட்களை எண்ணினார்கள். அங்கும் 120 ஜோடிகளில் 60 மட்டுமே வரும்.

பாலித் தீவில் இன்றும் இப்படி ஒன்று ஓடுகிறது. பவுகோன் என்ற 210 நாள் நாட்காட்டியில் ஒரு நாள் வாரம் முதல் பத்து நாள் வாரம் வரை பத்து வாரங்கள் ஒரே நேரத்தில் நடக்கின்றன. 5, 6, 7 எல்லாம் 210-க்குள் சரியாக அடங்கும். ஒன்பது அடங்காது, மூன்று மீதி. அதனால் ஒன்பது நாள் வாரத்தின் முதல் நாளையே சுற்றின் முதல் நான்கு நாளும் திரும்பச் சொல்லி ஈடுகட்டுகிறார்கள்.

இந்த முறையின் பெரிய ஆபத்து ஒரு நாளை மொத்தமாகத் தொலைப்பது. வானத்தைப் பார்க்கும் ஊரில் எண்ணிக்கை பிசகினாலும் அடுத்த பிறை திருத்திவிடும். இங்கே திருத்த வெளியில் எதுவும் இல்லை. ஆகவே எண்ணுவது ஒருவர் வேலையாக இருக்கக் கூடாது. இரண்டு லயங்களில் (தொழிலாளர்களின் வரிசை வீடுகளில்) தனித்தனியே எண்ணினால் தவறு நடந்தது தெரியும். மூன்றில் எண்ணினால் எந்த லயம் தவறியது என்பதையும் ஊகிக்கலாம். குவாத்தமாலா மலைநாட்டில் கீச்சே மக்கள் 13 எண்களையும் 20 பெயர்களையும் சேர்த்து 260 நாள் சுற்றை இன்றும் எண்ணுகிறார்கள். நாள் எண்ணுவதற்கென்றே அவர்களிடம் ஆட்கள் உண்டு.

அப்புறம் மழை. 315 நாள் சுற்றின் முதல் நாளில் விழா வைத்து, முதல் விழா மே தொடக்கத்தில் நடந்தால், அடுத்தது மார்ச்சில் வரும், அதற்கடுத்தது ஜனவரியில். தேயிலைச் செடியை வெட்டிவிடும் கவ்வாத்துக்குக் காலம் பார்க்க இது உதவாது. கீச்சேயரை உள்ளடக்கிய மாயா மக்கள் 260 நாள் சுற்றுக்குப் பக்கத்தில் 365 நாள் ஆண்டு ஒன்றையும் வைத்திருந்தார்கள். இரண்டும் முதலில் சேர்ந்த அதே நிலைக்குத் திரும்ப 18,980 நாள், அதாவது அப்படிப்பட்ட 52 ஆண்டுகள் ஆகும்.

வானத்தில் பிறந்து, பிறகு வெறும் எண்ணிக்கையாக மாறிய சுற்றும் நம்மிடம் உண்டு. தமிழ் ஆண்டுப் பெயர்கள் அறுபதும் வியாழனோடு கட்டப்பட்டவை. வியாழன் ஒரு ராசியைக் கடக்கச் சராசரியாக 361 நாள். சூரிய ஆண்டு அதைவிட நான்கு நாளுக்குச் சற்றுக் கூடுதல். அந்த வேறுபாடு சேர்ந்து, சுமார் 85 ஆண்டுக்கு ஒரு பெயரைத் தாண்டவேண்டி வரும். வட இந்திய முறையில் தாண்டுகிறார்கள். தெற்கே அந்தத் திருத்தம் எப்போதோ விடப்பட்டது. 1966 சித்திரையில் பிறந்த பராபவ 2026-இல் மறுபடி வருகிறது, 2086-இலும் வரும், அப்போது வியாழன் எங்கே நின்றாலும்.